அரை மூச்சுத் தாமதம்

யோசித்துச் சொல்கிறேன் என்று சொல்லிவிட்டேன். "யோசிச்சுச் சொல்றேங்க சார்." காலையில் ஓட்டலில் இட்லியைப் பிட்டுச் சாம்பாரில் தோய்க்கும்போது வந்த போன், தோய்த்த இட்லி தோய்த்தபடியே ஊறிக் கரைந்துபோனது, நான் போனைக் காதில் வைத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். "பூபாலா, ஸ்டூடியோவுக்குள்ள போறதுக்குள்ள எனக்குப் பதில் வேணும். யாசீன வெச்சுக்கறதா, அனுப்பறதா? நீ கேப்டன். நீ சொன்னா நான் செஞ்சர்றேன்." எங்கள் அணியின் முதலாளி அருண் சார் கோபமாகப் பேசவில்லை, அதுதான் கஷ்டம். கோபமாகப் பேசியிருந்தால் பதிலுக்குக் கோபப்பட்டிருக்கலாம். மில்லில் ஒரு மெஷினைச் சரிசெய்வதா மாற்றுவதா என்று ஃபிட்டரிடம் கேட்பதுபோலக் கேட்டார், நானும் ஃபிட்டர் மாதிரியே யோசிச்சுச் சொல்றேங்க என்றேன். இப்போது அந்த யாசீன் என் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து ஆரஞ்சுப் பழம் உரித்துக்கொண்டிருக்கிறான். தோலைக் கிழிக்காமல் ஒரே சுருளாக எடுக்கப் பார்க்கிறான். மேட்ச் நடக்கும் ஸ்டூடியோவுக்குப் போகிற எங்கள் வேன் பெங்களூர் ரிங் ரோட்டில் அசையாமல் நிற்கிறது. முன்னால் ஒரு தண்ணீர் லாரி, அதற்கு முன்னால் பேருந்து, அதற்கு முன்னால் என்னவென்று தெரியவில்லை. "அண்ணே, ரெண்டு சுளை எடுத்துக்கங்க." எடுத்துக்கொண்டேன். இனிப்பாக இருந்தது. அனுப்பிவிடுங்கள் என்று சொல்லப்போகிறவன் கையிலிருந்து பழம் வாங்கித் தின்கிறேன். சொல்லப்போகிறேனா? இல்லை. தெரியவில்லை. யோசித்துச் சொல்கிறேன்.

யோசிக்கத்தான் எனக்குச் சம்பளம் என்று சுதீஷேட்டன் சொல்வார், எங்கள் கோச், பாலக்காட்டுக்காரர். "மத்தவங்களுக்குக் கை, நினக்குத் தல" என்பார். அவர் சொல்வது சரிதான். எங்கள் ஆட்டத்தில் ஐந்து பேருக்கு எதிராக ஐந்து பேர், கம்ப்யூட்டரில் துப்பாக்கி ஆட்டம், ஒரு பக்கம் இரண்டு அறைகளைக் காக்கும், இன்னொரு பக்கம் அதில் ஒன்றைப் பிடிக்க வேண்டும், செத்தவன் அந்தச் சுற்று முடியும்வரை கையைக் கட்டிக்கொண்டு பார்க்க வேண்டியதுதான். எந்த அறைக்குப் போவது, எப்போது நுழைவது, யார் முதலில் என்று சொல்ல ஒரு குரல் வேண்டும். எல்லார் காதிலும் ஹெட்செட், அதில் ஒரு குரல். அது என் குரல். கோயம்புத்தூரில் கேமிங் சென்டர் போட்டிகள் ஆடின காலத்தில் வாய் யோசிக்காது. நான் நினைப்பதற்கு முன்பே போ என்று சொல்லியிருப்பேன், சொன்னபிறகு அது ஏன் சரி என்று எனக்கே புரியும். அந்த வாயைப் பார்த்துத்தான் அருண் சார் என்னைக் கூப்பிட்டார். லீக்கில் இந்த வருஷம் புதிதாக இரண்டு அணிகளைச் சேர்த்தார்கள், ஒன்றை அவர் வாங்கினார், குடும்பத்துக்கு நூல் மில் இருப்பதால் கோவை ஸ்பிண்டில்ஸ் என்று பெயர் வைத்தார். அறிமுக விழாவில் மில் ஆட்கள் எல்லாருக்கும் அணியின் டீ-சர்ட் கொடுத்தார்கள். ஸ்பின்னிங் செக்‌ஷனில் வேலைபார்க்கும் ஒரு அக்கா என் கையைப் பிடித்து, "ஜெயிச்சுட்டு வாங்க தம்பி, எங்க ஷிஃப்ட்டுல எல்லாரும் பாக்கறோம்" என்றது. இப்போது எங்கள் ஆட்டத்துக்குக் கீழே கமெண்டில் ஒருத்தன் விடாமல் எழுதுகிறான், நூல் அறுந்துருச்சு, நூல் அறுந்துருச்சு. ஒவ்வொரு தோல்விக்கும் எழுதுகிறான். எங்களோடு புதிதாக வந்த இன்னொரு அணி நடுவரிசைக்குப் போய்விட்டது. நாங்கள் ஒரு மேட்ச்கூட ஜெயிக்கவில்லை. மேட்ச் என்றால் மூன்று ஆட்டம், அதில் இரண்டை எடுக்க வேண்டும். நாங்கள் ஒன்றைக்கூட எடுத்ததில்லை. சீசன் முடியப்போகிறது. அந்த அக்கா இன்னும் பார்க்கிறதா? அந்த டீ-சர்ட்டை என்ன செய்திருக்கும்.

வேன் நகர்ந்தது. இல்லை, பக்கத்து பஸ் நகர்ந்தது, நாங்கள் நகர்ந்ததுபோல இருந்தது. அப்பா நேற்றுப் போன் செய்தார். கணபதியில் லேத் பட்டறை, மெஷினை நிறுத்திவிட்டு செல்போனில் எங்கள் ஆட்டம் பார்ப்பார், ஒன்றும் புரியாது, ஆனாலும் முழுசாகப் பார்ப்பார். "கண்ணு, அந்தப் பச்சைச் சட்டை நீதான?" "இல்லீங்கப்பா, அது எதிர் டீம்." "அப்படியா. அவன் நல்லா வெளையாடறான்." பிறகு அவரே கேட்டார். "நீ எது?" "நான் பெரும்பாலும் பேசிட்டு இருப்பனுங்கப்பா. ஒங்களுக்குக் கேக்காது." நல்லவேளை கேட்காது. கேட்டிருந்தால் அவருக்குத் தெரிந்திருக்கும். அவர் காது அப்படி. லேத் ஓடும்போது சத்தத்தில் ஒரு இழை மாறினால் திரும்பிப் பார்ப்பார். எனக்குள் எங்கே சத்தம் மாறியது என்று எனக்குத் தெரியும், நன்றாகவே தெரியும், முதல் மேட்ச், போன வருஷச் சாம்பியன்களோடு. நான் எங்கே போகச் சொன்னாலும் அங்கே எங்களுக்கு முன்பே வந்து நின்றார்கள். இடது என்றால் இடது, வலது என்றால் வலது. என் மண்டைக்குள் உட்கார்ந்து கேட்பதுபோல. ஆட்டம் முடிந்து கைகுலுக்கும்போது அவர்கள் கேப்டன் சிரித்துக்கொண்டே நீ பேசுவதற்கு முன்பே தெரிந்துவிடுகிறது என்றான் இங்கிலீஷில், பாராட்டுவதுபோல. அன்றிலிருந்து ஒவ்வொரு போ என்ற சொல்லுக்கு முன்னாலும் ஒரு கேள்வி வந்து நிற்கிறது. இதுவும் அவர்களுக்குத் தெரியுமோ. அரை மூச்சு. அவ்வளவுதான், அரை மூச்சு நேரம். தெரியாது என்று தேற்றிக்கொண்டு போ என்கிறேன். அந்த அரை மூச்சு நேரம் யாசீன் கதவருகில் நிற்கிறான்.

யாசீன்தான் முதலில் நுழைகிறவன், அது அவன் வேலை. உக்கடத்துப் பையன், செல்போன் கடையில் நல்ல வேலையில் இருந்தவன், விட்டுவிட்டு வந்தான். அவனைப்போல் வேகமான கையை நான் பார்த்ததில்லை. உள்ளே எறிந்த புகைக்குண்டின் புகை அடர்ந்து நிற்கிற கணத்தில் நுழைந்தால் அவன் இரண்டு பேரைச் சாய்த்துவிடுவான். புகை கலைய ஆரம்பித்தபிறகு நுழைந்தால் அவன்தான் சாய்வான். என் சொல் வந்தபிறகே நுழைகிறான். நான் சொன்னதை மீறமாட்டான். லீக் வெளியிடும் கணக்கில் ஒவ்வொரு வாரமும் வருகிறது, சுற்றில் முதலில் சாகிறவர் யார், யாசீன், யாசீன், யாசீன். அரை மூச்சுக்கு அதில் இடம் கிடையாது. அருண் சார் பார்ப்பது அந்தக் கணக்கை. நான் வாயைத் திறந்து ஆமாங்க சார் என்றால் போதும், அடுத்த வாரம் டெல்லியிலிருந்து ஒருவன் வருவான், அவனும் கதவருகில் நிற்பான், அவனும் சாவான். அப்போது அவனையும் அனுப்பச் சொல்வேனா. "அண்ணே." யாசீன் விரலை டிஷ்யூவில் துடைத்துக்கொண்டே கூப்பிடுகிறான். "இன்னிக்கு நான் கொஞ்சம் பொறுத்து உள்ள போகட்டா? நேத்து முழுக்க யோசிச்சேன். என்னாலதான தோக்கறோம். அவசரப்படறேன் போல." அவசரமா. நீயா. "நீ நல்லாத்தான்டா ஆடறே." "சும்மா சொல்லாதீங்கண்ணே. எங்கக்காகூட கேட்டுச்சு, ஏன்டா எப்பவும் நீயே முதல்ல சாகறேன்னு." சிரித்தான். நானும் சிரித்தேன். சிரித்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். வெளியே ஒரு ஆட்டோக்காரர் இன்ஜினை அணைத்துவிட்டுச் சாய்ந்து கண்ணை மூடியிருந்தார். எப்படி முடிகிறது இவருக்கு.

நேற்றைய பயிற்சிப் பதிவை நினைக்கக்கூடாது என்றால் அதுதான் வருகிறது. சுதீஷேட்டனும் நானும் மட்டும் உட்கார்ந்து பார்த்தோம், குரல்களோடு. ஒரு இடத்தில் நிறுத்தினார். பின்னால் ஓட்டினார். மறுபடி அதே இடம். மறுபடி. நாலாவது தடவையும் ஒன்றும் சொல்லவில்லை, என்னைப் பார்த்தார், "வா, ஒரு சாயா குடிச்சிட்டு வரலாம்" என்று எழுந்துவிட்டார். என் தாமதத்தைத்தான் காட்டுகிறார் என்று நினைத்தேன், முகம் எரிந்தது, டீ குடிக்கும்போது அவர் பக்கம் திரும்பவே இல்லை. ஆனால் தாமதத்தைக் காட்ட ஒரு தடவை போதுமே. ஏன் நாலு தடவை. அதில் வேறு என்ன இருந்தது. புகை. யாசீனின் காலடிச் சத்தம். எங்கள் அணியில் புகைக்குண்டு எறிகிற லோகு இருமினான். அப்புறம் என் போ. இல்லை, அதற்கு முன்னால் ஒன்று இருந்தது. முணுமுணுப்புபோல. டெல்பின். முன்சீட்டில் கண்ணாடியில் நெற்றியை வைத்துக்கொண்டிருக்கிறாளே, வால்பாறைப் பெண், எஸ்டேட் லைன் வீட்டில் நெட் இல்லாமல் டவர் இருக்கிற வளைவு வரை நடந்துபோய் செல்போனில் ஆடக் கற்றவள், கடைசி ஆளாக நின்று காக்கிற வேலை அவளுக்கு, அதிகம் பேசமாட்டாள். அவள் தன்னையறியாமல் வாய்க்குள் போ என்கிறாள். கொஞ்ச நாளாகவே கேட்கிறது எனக்கு. எரிச்சலாகக்கூட இருந்தது, மைக்கைக் கொஞ்சம் தள்ளி வை டெல்பின் என்று ஒருநாள் சொன்னேன், சாரிண்ணா என்று தள்ளி வைத்துக்கொண்டாள். தள்ளி வைத்தும் கேட்கிறது. அவளுடைய போ எங்கே விழுகிறது? புகை அடர்ந்து நிற்கும்போது விழுகிறது. என் போவுக்கு அரை மூச்சு முன்னால். நினைவில் ஓட்டிப் பார்க்கிறேன், அதற்கு முந்தைய மேட்ச், அதற்கும் முந்தையது, மூன்று சுற்று, நாலு சுற்று, எல்லாவற்றிலும் அந்தச் சின்னச் சத்தம் சரியான இடத்தில் விழுகிறது. கடவுளே. சுதீஷேட்டன் எனக்கு என்னைக் காட்டவில்லை.

போன் அதிர்கிறது. அருண் சார். பக்கத்தில் யாசீன். எடுக்காமல் விட்டால் ஸ்டூடியோ போகும்வரை விடாமல் கூப்பிடுவார். எடுத்தால் இங்கேயே பேச வேண்டும். வேன் எப்படியும் நகராது, கதவைத் தள்ளி ரோட்டில் இறங்கிவிட்டேன், பின்னால் லோகு எங்கண்ணா போறீங்க என்று கத்துகிறான். வெயில் தலையில் அடித்தது. இரண்டு பைக்குக்கு நடுவில் நுழைந்து நடைபாதைக்கு வந்தேன். "சொல்லு பூபாலா." யோசித்துச் சொல்கிறேன் என்று மறுபடியும் நாக்கு நுனியில் வந்து நின்றது, சத்தியமாக வந்தது. "யாசீன் இல்லீங்க சார்." "பின்ன?" "நானுங்க. நான் லேட்டாச் சொல்றேன். அவன் நான் சொன்ன பொறவுதான் உள்ள போறான், அதனால சாகறான்." ஹாரன் சத்தத்தில் இணைப்பு போய்விட்டதோ என்று போனை எடுத்துப் பார்த்தேன். இருந்தார். "இதை ஏன் இத்தனை நாள் சொல்லல?" "எனக்கு இப்பத்தானுங்க முழுசாத் தெரிஞ்சுது." பாதி பொய். பாதி நிஜம். "இன்னிக்கு டெல்பின் பேசட்டுங்க சார். நான் ஆடறேன், பேசல." "அந்தப் புள்ள வாயே தொறக்காதேடா." "தொறக்குதுங்க. நாந்தான் மைக்கத் தள்ளி வெக்கச் சொல்லிட்டேன்." "பேசாத கேப்டன வெச்சுட்டு நான் என்ன பண்றது?" பேசாத நான் யார், லீக்கில் என்னைவிட வேகமான கை நூறு இருக்கும். "இன்னிக்கும் சரியா வரலீன்னா என்னை அனுப்பிருங்க சார். அவனை வேண்டாம்." "மேட்ச் முடியட்டும், பேசறேன்" என்று வைத்துவிட்டார். திரும்பினால் வேன் இல்லை. தண்ணீர் லாரியும் இல்லை. ரோடு ஓடுகிறது. கொஞ்சம் தள்ளிப் போய்விட்ட வேனிலிருந்து லோகு கதவைத் திறந்து பாதி உடம்பை வெளியே நீட்டிக் கையை ஆட்டுகிறான், நான் அணியின் ஜெர்சியோடு, முதுகில் கேப்டன் என்று எழுதியதோடு, ரிங் ரோட்டில் ஓடினேன். ஆட்டோக்காரர்கள் சிரித்தார்கள். ஓடும்போது மட்டும் எதையும் நினைக்கவில்லை.

ஏறி உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னேன், தயார் செய்து சொல்லியிருந்தால் சொல்லியிருக்கமாட்டேன். "டெல்பின், இன்னிக்கு ஹெட்செட்டுல நீ பேசறே." அவள் திரும்பிப் பார்த்தாள், நெற்றியில் கண்ணாடியின் ஈரம். "என்னண்ணா?" "நீதான் சொல்றே. எங்க போறது, எப்பப் போறது." "எனக்குப் பேச வராதுண்ணா. அதும் மேட்ச்சுல. வேணாம்ணா, ப்ளீஸ்." "நீ ஏற்கெனவே பேசறே. எனக்கு முன்னாடியே பேசறே." அவளுக்குப் புரியவில்லை, பிறகு புரிந்தது, முகம் சிவந்து சாரிண்ணா என்றாள், அந்தச் சாரி எனக்குச் சுருக்கென்றது. யாசீன் என்னையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தான். "அப்ப நீங்க என்னண்ணே பண்ணுவீங்க?" "உன்கூட உள்ள வரேன்." சுதீஷேட்டன் முன்னால் டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார், திரும்பவில்லை, கண்ணாடியில் அவர் கண் மட்டும் தெரிந்தது. "ஒரு மேப் நோக்காம்" என்றார், ஒரு ஆட்டம் பார்க்கலாம் என்று. கொஞ்சம் கழித்து, "நான் சொல்லியிருந்தா நீ குடுத்திருப்பே. பட்சே மனசில்லாமக் குடுத்திருப்பே" என்றார். இருக்கலாம். இப்போது மட்டும் மனசோடா கொடுக்கிறேன். கொடுத்ததும் கை காலியாகிவிட்டதுபோல இருக்கிறது, எதையோ வேனுக்கு வெளியே ரோட்டில் விட்டுவிட்டு வந்ததுபோல, திரும்பிப்போய் எடுத்துக்கொள்ளலாமா என்று.

மேடை. விளக்கு. ஏசி குளிரில் விரல் மரத்திருக்கிறது. ஹெட்செட்டை மாட்டினதும் வழக்கமாக நான் ரெடியா என்பேன், வாய் திறந்தது, மூடினேன். பிறகு எங்கிருந்தோ, "ரெடியா?" அவள் குரல், தண்ணீருக்கு அடியிலிருந்து வருவதுபோல. முதல் சுற்றுகள் மோசம். அவள் பாதிச் சொல்லை விழுங்குகிறாள், இட... என்றுவிட்டு நிற்கிறாள், நாங்கள் ஆளுக்கொரு பக்கம் ஓடிச் சாகிறோம். எனக்குத் தெரிகிறது, எங்கே போக வேண்டும் என்று எல்லாமே தெரிகிறது, சொல்லத் தேவையில்லாதபோது எவ்வளவு தெளிவாகத் தெரிகிறது, சொல்லிவிடலாம், ஒரே ஒரு தடவை, பல்லால் நாக்கைக் கடித்துக்கொள்கிறேன். இப்போது பேசினால் இனி அவள் பேசமாட்டாள். வெளியே அந்த ஆள் நூல் அறுந்துருச்சு என்று டைப் செய்துகொண்டிருப்பான். அப்பா மெஷினை நிறுத்தியிருப்பார். பேசாதே. அடுத்த சுற்று, வலது அறை, புகை போட்டாகிவிட்டது, யாசீன் கதவில், நான் அவன் தோளுக்குப் பின்னால், புகை விரிகிறது, விரிகிறது, எனக்குள் அந்தக் கேள்வி எழுந்து நிற்கிறது, இதுவும் அவர்களுக்கு— "போ." போய்விட்டான். நான் கேள்வியை முடிப்பதற்குள் அவன் உள்ளே இருந்தான், ஒருவன் சாய்ந்தான், இன்னொருவன், நான் பின்னாலேயே ஓடிச் சுட்டேன், யாரைச் சுட்டேன் என்றுகூடத் தெரியாது, சுற்று எங்களுடையது. யாசீன் காது கிழியக் கத்தினான். அடுத்த சுற்றில் அவள், "பூபாலண்ணா, இப்ப நீங்க முதல்ல. சும்மா நுழைங்க, அவங்க உங்களப் பாக்கட்டும்." சாகச் சொல்கிறாள். எத்தனை பேரை நான் இப்படி அனுப்பியிருக்கிறேன். நுழைந்தேன், உடனே செத்தேன், திரை சாம்பலானது, என்னைச் சுட்டவன் என் பக்கம் திரும்பியிருந்த நேரத்தில் மற்ற நால்வரும் இன்னொரு கதவு வழியாக உள்ளே வந்தார்கள். கையைக் கட்டிக்கொண்டு அவர்களைப் பார்த்தேன். அழகாக இருந்தது. எங்கள் அணி இவ்வளவு அழகாக ஆடும் என்று எனக்குத் தெரியாது. தொடங்கின நாளிலிருந்து முதல்முறையாக ஒரு ஆட்டத்தை எடுத்தோம். அடுத்த இரண்டையும் அவர்கள் எடுத்துக்கொண்டார்கள், கடைசி ஆட்டம் கடைசிச் சுற்றுவரை போனது, அதில் கைநழுவியது. மேட்ச் தோற்றோம். மறுபடியும் தோற்றோம்.

ஆனாலும் உள்ளே அறையில் இரைச்சல். அந்தக் கடைசிச் சுற்றில் யார் எங்கே நின்றிருக்க வேண்டும் என்று லோகுவும் யாசீனும் சண்டை போடுகிறார்கள், யாசீன் மேசைமேல் தண்ணீர் பாட்டில்களை ஆட்களாக அடுக்கிக் காட்டுகிறான். போன வாரம்வரை தோற்றால் இந்த அறையில் பைகளின் ஜிப் இழுக்கும் சத்தம் மட்டும்தான் கேட்கும். போன். வெளி வராந்தாவுக்கு வந்து எடுத்தேன். "பாத்தேன்" என்றார் அருண் சார். "அடுத்த வாரமும் அந்தப் புள்ளையே பேசட்டும். யாசீன் இருக்கட்டும்." சரிங்க சார் என்றேன். என்னைப்பற்றி அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. "சீசன் முடியட்டும்" என்றார். எதற்குச் சொன்னார், எனக்கா, அணிக்கா, பொதுவாகவா. கேட்டிருக்கலாம். வைத்துவிட்டார். முடியட்டும் என்றால் முடிந்தபிறகு என்ன. திரும்பும்போது டெல்பின் கதவருகில் நின்றிருந்தாள், கழுத்தைப் பிடித்துக்கொண்டு. "அண்ணா, தொண்டை போச்சு." குரலே வரவில்லை, காற்று மட்டும் வந்தது. "இப்படித்தான் வலிக்குமா?" "முதல்ல கொஞ்ச நாள் வலிக்கும். கத்தாத, மைக்கை வாய்க்குப் பக்கத்துல வெச்சுக்க, மெதுவாச் சொன்னாவே கேக்கும்." தலையை ஆட்டினாள். இரு என்று சொல்லிவிட்டு வராந்தாக் கோடியில் இருந்த தண்ணீர் மெஷினுக்குப் போனேன். சிவப்புக் குழாய்தான் வெந்நீர். பேப்பர் கப்பில் பிடித்தேன், கொதித்தது, தொட முடியவில்லை. கொஞ்சம் கொட்டிவிட்டு நீலக் குழாயில் பிடித்தேன். ஒரு வாய் குடித்துப் பார்த்தேன். ஆறிப்போயிருந்தது. எல்லாவற்றையும் கொட்டிவிட்டு வேறு கப் எடுத்து மறுபடி முதலிலிருந்து பிடித்தேன், முக்கால் வெந்நீர், கால் பச்சைத் தண்ணீர், இந்த முறை சரியாக இருந்தது. சிந்தாமல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நடந்தேன்.